எங்கள் வீட்டில் ஆவாது

எங்கள் வீட்டில் வளைகாப்பு ஆவாது. "ஆகாது" இல்லை, "ஆவாது". அம்மா அப்படித்தான் சொல்வாள், சித்தியும் அப்படித்தான் சொல்வாள். ஆவடி தொழிற்சாலைக் குவார்ட்டர்ஸில் வளர்ந்ததால் எனக்குப் பள்ளிக்கூடத் தமிழ், அப்பாவின் தெற்கத்தித் தமிழ், மாடிவீட்டுத் தமிழ் என்று நாலைந்து தமிழ் வரும். இந்த ஒரு சொல் மட்டும் என் வாயில் அம்மா ஊரான பருத்திப்பட்டுத் தமிழில்தான் வரும்.

ஒவ்வொரு வீட்டுக்கும் ஆகாத ஒன்று இருக்கும். எங்கள் பிளாக்கிலேயே ஒரு வீட்டில் வடாம் போடமாட்டார்கள். இன்னொரு வீட்டில் கிளி வளர்க்கமாட்டார்கள். மாடிவீட்டுத் திருநெல்வேலிக்காரர்கள் அவரைக்கொடி வைக்கமாட்டார்கள். ஏன் என்று கேட்டால் "பெரியவங்க சொல்லியிருக்காங்க" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். அதற்கு மேலும் கேட்கிற ஆள் நான். எதற்கெடுத்தாலும் ஏன், எதற்கு என்று நச்சரித்து முதுகில் வாங்கிய அடி கொஞ்சமில்லை. அப்பேர்ப்பட்ட நானே வளைகாப்பு விஷயத்தில் இருபத்து மூன்று வயதுவரை வாயைத் திறக்கவில்லை.

குவார்ட்டர்ஸில் மாதம் ஒரு வளைகாப்பாவது நடக்கும். எல்லோரும் ஒரே சமயத்தில் வேலைக்கு வந்து, ஒரே சமயத்தில் கல்யாணம் செய்து, ஒரே சமயத்தில் பிள்ளை பெறுகிறார்கள் என்று அப்பா கேலி செய்வார். கோயமுத்தூர், மதுரை, வேலூர் என்று அவரவர் ஊர் வழக்கப்படி நடக்கும். ஒரு வீட்டில் ஐந்து வகைச் சாதம், ஒரு வீட்டில் ஏழு. அம்மா ஒன்று விடாமல் போவாள். பிள்ளைத்தாய்ச்சியின் கன்னத்தில் சந்தனம் தடவி, வளையல் போட்டுவிடுவாள். அவள் போட்டால் ஒன்றுகூட உடையாது என்று பிளாக் முழுக்கப் பேர். ஆனால் வந்தவர்களுக்கு என்று தருகிற வளையலை மட்டும் தான் போட்டுக்கொள்ளமாட்டாள். முந்தானையில் முடிந்துகொண்டு வந்து என்னிடம் கொடுத்துவிட்டு, அடுப்படிக்குப் போய்விடுவாள்.

அம்மா பிறந்த வீடு பருத்திப்பட்டில், ஏரிக்கு அந்தப் பக்கம். நிலம், மாடு, வைக்கோல்போர் என்று இருந்த குடும்பம். அப்பா தெற்கேயிருந்து தொழிற்சாலை வேலைக்கு வந்தவர், வேறு சாதி. எப்படிச் சந்தித்தீர்கள் என்று கேட்டால் அப்பா சிரிப்பார், அம்மா "போய் வேலைய பாரு" என்பாள். இருபத்திரண்டு வயதில் அம்மா கட்டின புடவையோடு கிளம்பி வந்துவிட்டாள். பிறந்த வீட்டுக்கும் குவார்ட்டர்ஸுக்கும் நடுவே ஓர் ஏரிக்கரைதான். நாலு வருடம் அந்தக் கரையைத் தாண்டி ஒருவரும் வரவில்லை.

முதலில் வந்தது சித்தி. அம்மாவின் ஒரே தங்கை, அவளைவிடப் பதினோரு வயது சின்னவள். பள்ளிக்கூடம் போகிறேன் என்று வீட்டில் சொல்லிவிட்டு, புத்தகப் பையோடு ஏரிக்கரை மேலேயே நடந்து வந்து, எங்கள் வாசலில் நின்று "யக்கா" என்றாளாம். சித்திக்கு நாலு வயதாகும்போதே அவர்களுடைய அம்மா இறந்துபோனார். பிறகு அவளைப் "பாப்பா" என்று கூப்பிட்டு, தலைவாரி, சோறு ஊட்டி வளர்த்தது என் அம்மாதான். நடுவில் இரண்டு அண்ணன் தம்பிகள் இருந்தார்கள், ஆனால் பெண்பிள்ளை விஷயத்தில் அவர்களுக்கு என்ன தெரியும்? தன் அம்மா எப்படிக் கோலம் போடுவாள், எதற்குச் சிரிப்பாள், எந்தக் கிழமை தலைக்கு ஊற்றுவாள் என்று சித்திக்குத் தெரிந்ததெல்லாம் அக்கா சொல்லித் தெரிந்ததுதான்.

எனக்குப் பதினோரு வயதிருக்கும்போது சித்தி கல்யாணமாகி நசரத்பேட்டையில் இருந்தாள். முதல் பிள்ளைக்கு ஆறு மாதம். ஒருநாள் சாயங்காலம், தொழிற்சாலைச் சங்கு ஊதுவதற்குக் கொஞ்சம் முன்னால், பூந்தமல்லியில் பஸ் மாறி எங்கள் வீட்டுக்கு வந்தாள். அம்மா பம்ப் ஸ்டவ்வில் டீ போட்டுக்கொண்டிருந்தாள். எதிர்வீட்டுக் கோயமுத்தூர் அக்கா எங்கள் அடுப்படி வாசலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். அவளும் அம்மாவும் ஒரே வருடம் குவார்ட்டர்ஸுக்கு வந்தவர்கள். நான் வீட்டுப்பாடம் எழுதுகிற சாக்கில் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

சித்தி வந்ததும் வராததுமாகக் கேட்டாள். "யக்கா, எங்க மாமியா கேக்குது. நம்ம ஊட்ல வளகாப்பு ஏழாம் மாசமா, ஒம்பதாம் மாசமா? எனக்கு இன்னா தெரியும், அம்மா மொகமே நெனப்பில்ல. உனக்குத்தானே தெரியும்."

அம்மா வாயைத் திறப்பதற்குள் கோயமுத்தூர் அக்கா முந்திக்கொண்டாள். "ஏனுங்க்கா, உங்கூட்டுல வளைகாப்பு ஆகாதுன்னு சொன்னீங்கள்ல? இந்தப் புள்ள உங்க வயித்துல இருக்கறப்பவே சொன்னீங்களே. எனக்கு நல்லா நெனப்பிருக்குதுங்க."

சித்தி அம்மாவைப் பார்த்தாள். "அப்டியா க்கா? அம்மா சொல்லி கீறாங்களா?"

அம்மா எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஸ்டவ்வுக்கு வேகவேகமாகப் பம்ப் அடித்தாள். "ம்" என்றாள்.

அந்த ஒரு "ம்"தான். சித்தியின் முகம் ஒரு நிமிடம் வாடியது. அப்புறம் அவளே தலையை ஆட்டிக்கொண்டாள். "சரி, அம்மா சொன்னா சரிதான்" என்று டீயை வாங்கிக் குடித்துவிட்டு, அப்பா வருமுன் கிளம்பிவிட்டாள்.

நசரத்பேட்டையில் சித்திக்கு வளைகாப்பு நடக்கவில்லை. அந்த மாதம் அவள் பக்கத்து வீட்டில் ஒரு வளைகாப்பு. போகாவிட்டால் தப்பாக நினைப்பார்களே என்று போய், வளையல்காரர் கூப்பிடக் கூப்பிட, கையைப் புடவைக்குள் மறைத்துக்கொண்டு நின்றாளாம். இதை அவளே என்னிடம் சொல்லியிருக்கிறாள். பிள்ளை நல்லபடியாகப் பிறந்தான். பிறந்ததும் சித்தி சொன்னது, "அம்மா பேச்சைக் கேட்டேன் பாரு, ஒரு கொற இல்லாம வந்து பொறந்தான்." அதோடு அது கெட்டிப்பட்டுப் போயிற்று.

முதலில் சொல் மட்டும்தான் இருந்தது. கதை பிறகுதான் வந்தது. எந்த வருடம், எந்த வாரம் என்று சொல்லத் தெரியவில்லை. சித்தி வரும்போதெல்லாம் கொஞ்சம் கொஞ்சமாக வளர்ந்தது.

"எங்க பெரியம்மா ஒருத்தி இருந்தாங்களாம். ஏழாம் மாசம், கை நெறைய பச்ச வளையல போட்டுகினு ஏரிக்கரை மேல நடந்து வந்துகினு இருந்தாங்களாம். வளகாப்பு போட்ட ஒம்பதாம் நாளு. மதகாண்ட வந்ததும் அப்டியே உக்காந்துட்டாங்களாம். தாயும் போச்சு, புள்ளையும் போச்சு. அத்தோட நம்ம ஊட்டுப் பொண்ணுங்களுக்கு ஆவாதுன்னு நிறுத்திட்டாங்க. அம்மா என்னை மடில போட்டுகினு சொன்னது. அந்த வளையல் சத்தம்கூட என் காதுல கீது."

அவள் பொய் சொல்லவில்லை. சொல்லும்போது கண் கலங்கும், கை மயிர் சிலிர்க்கும். ஒருமுறை என்னிடம் பெருமையாகவே சொன்னாள். "நகையா, பாத்திரமா, அம்மா எனக்குன்னு வச்சிட்டுப் போனது ஒண்ணும் கெடயாது. இது ஒண்ணுதான் அம்மா சொன்னதுன்னு என்னாண்ட கீது."

அம்மா பக்கத்திலேயே இருப்பாள். அரிசி புடைத்துக்கொண்டோ துணி மடித்துக்கொண்டோ இருப்பாள். ஒரு வார்த்தை சொல்லமாட்டாள்.

எனக்கும் அந்தப் பெண் பழகிவிட்டாள். பிற்பாடு அம்மாவோடு பேச ஆரம்பித்த மாமா வீட்டுக்குப் போக ஏரிக்கரை மேல் நடக்கும்போது மதகு வந்தால் நான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொள்வேன். முகம் தெரியாது, கை மட்டும் தெரியும். முழங்கைவரை பச்சை வளையல். அவளை நான் நேரில் பார்த்ததாகவே பிற்காலத்தில் எனக்கு ஓர் எண்ணம் இருந்தது. கேட்டால் சத்தியம் செய்திருப்பேன்.

எனக்குக் கல்யாணமாகி அம்பத்தூர் வந்தேன். கணவர் வீட்டில் அவரும் மாமியாரும்தான். தீப்பெட்டி மாதிரி ஒரு போர்ஷன். நான் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் டைப்பிஸ்ட். கர்ப்பத்தில் என்னைவிட இரண்டு மாதம் முந்திய பக்கத்து மேஜைப் பெண்ணுக்கு வளைகாப்பு நடந்தது. அவள் கை நிறைய வளையலோடு வந்து டைப் அடிப்பாள். மெஷின் சத்தமும் வளையல் சத்தமும் சேர்ந்து காலையிலிருந்து ஐந்தரை மணிவரை என் காதைத் துளைக்கும். மேனேஜர்கூட ஒன்றும் சொல்லமாட்டார். வயிறெரிந்தது எனக்கு. ஆமாம், பொறாமைதான், இதில் ஒளிக்க என்ன இருக்கிறது? நானும் ஆறு மாதப் பிள்ளைத்தாய்ச்சிதான். எனக்கு மட்டும் ஏன் மொட்டைக் கை?

மாமியார் தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர். "உங்கம்மா எப்ப வந்து வளையல் போடப்போறாங்க?" என்று வாரம் ஒருமுறை கேட்பார். நான் பேச்சை மாற்றுவேன்.

ஏழாம் மாதம் பிறந்ததும் ஒரு சனிக்கிழமை, வேலை முடிந்து ஸ்டேஷனுக்கு வரும் வழியில் ஒரு வளையல் கடை. என்னையறியாமல் கால் நின்றுவிட்டது. பச்சைக் கண்ணாடி வளையல் ஒரு டஜன் வாங்கி, பேப்பரில் சுற்றி, சாப்பாட்டு டப்பாவுக்கு அடியில் ஒளித்துவைத்துக்கொண்டு ஆவடிக்கு வண்டி ஏறினேன். அந்த ஞாயிற்றுக்கிழமையை அம்மா வீட்டில் கழிப்பதாக ஏற்பாடு.

மறுநாள் மத்தியானம், அப்பா தூங்கிக்கொண்டிருந்தார், அம்மா பின்னால் துணி அலசிக்கொண்டிருந்தாள். நான் உள்ளறையில் கதவைச் சாத்திக்கொண்டு வளையலை ஒவ்வொன்றாகப் போட்டேன். ஐந்து போட்டேன். கையை ஆட்டிப் பார்த்தேன். அடேங்கப்பா, அந்தச் சத்தம்! ஆறாவதைப் போடும்போது அடிவயிற்றைச் சுரீரென்று இழுத்துப் பிடித்தது. ஏழாம் மாதத்தில் அப்படி இழுப்பதெல்லாம் சாதாரணம் என்று பிறகு டாக்டரம்மா சொன்னார். அப்போது யாருக்குத் தெரியும்? என் கண்முன் மதகு, ஏரிக்கரை, அந்தப் பச்சைக் கை. "ஐயோ" என்று அலறி, வளையலைக் கழற்றத் தெரியாமல் சுவரில் அடித்து உடைத்தேன். மணிக்கட்டில் கிழித்து ரத்தம் வந்தது.

ஈரக் கையோடு அம்மா ஓடிவந்தாள். "இன்னாடி? இன்னா ஆச்சு?"

"அந்தப் பெரிய பாட்டி மாதிரி நானும் செத்துப்போயிடுவேனாம்மா?" என்று கேட்டேன்.

அம்மா தரையில் கிடந்த பச்சைச் சில்லுகளைப் பார்த்தாள். என் வயிற்றைத் தொட்டுப் பார்த்தாள். பிள்ளை உதைத்தது. அப்புறம் என் பக்கத்தில் தரையிலேயே உட்கார்ந்துகொண்டு, என் மணிக்கட்டைத் தன் முந்தானையால் அழுத்திப் பிடித்தபடி சொன்னாள்:

"யாரும் சாவலடி."

எனக்குப் புரியவில்லை.

"எந்தப் பெரியம்மாவும் கெடயாது. எங்கம்மாவுக்கு அக்காவே கெடயாது. எங்கம்மாதான் அவங்க ஊட்ல மூத்தது."

"அப்ப ஆவாதுன்னு யார் சொன்னது?"

"நான்தான் சொன்னேன்."

தலையைக் குனிந்துகொண்டே சொன்னாள். "நீ வயித்துல இருந்தே. ஏழு மாசம். அந்தக் கோயமுத்தூர் அம்மா வந்து, அக்கா, உங்கம்மா வீடு பக்கத்துலதானுங்களே, எப்ப வளைகாப்புன்னு கேட்டுச்சு. கரை மேல ஏறி நின்னா எங்க ஊட்டுத் தென்னமரம் தெரியும். ஒரு நாய்கூட எட்டிப் பாக்கல. யாரும் வரமாட்டாங்கன்னு சொல்ல எனக்கு வாய் வர்ல. எங்க ஊட்ல அது ஆவாதுன்னு சொல்லிட்டேன். அவ்ளோதான். கௌரவமா போச்சு. யாரும் அதுக்கு மேல கேக்கல."

"சித்திகிட்டயாவது சொல்லியிருக்கலாம்ல?"

"அன்னிக்கு அந்தம்மா எதிர்லயே உக்காந்துகினு கீது. அப்புறம் தனியா சொல்லிக்கலாம்னு இருந்தேன். அப்புறம் புள்ள பொறந்துச்சு. அம்மா பேச்சைக் கேட்டேன், நல்லா பொறந்தான்றா. எப்டி சொல்லுவேன்? அப்புறம் அவளே ஒரு பெரியம்மாவைக் கூட்டியாந்துட்டா. நான் இன்னா பண்ணட்டும்?"

சிரிப்பு வருகிற இடம்தான். எனக்கு வந்தது கோபம். கோபம் என்றால் அப்படி ஒரு கோபம். பத்துப் பன்னிரண்டு வருடமாக, இல்லாத ஒருத்திக்கு நான் பயந்திருக்கிறேன். மதகுப் பக்கம் போகும்போதெல்லாம் மூச்சைப் பிடித்திருக்கிறேன். சித்தி கையை ஒளித்துக்கொண்டு ஊரார் வீட்டில் நின்றிருக்கிறாள். எல்லாம் இவளுடைய கௌரவத்துக்காக! "உனக்கு வெக்கமா இல்லையாம்மா?" என்று கத்தினேன். அப்பா எழுந்து வந்து எட்டிப் பார்த்துவிட்டு, பேசாமல் திரும்பிப் போனார். அவருக்கு முன்பே தெரியும் என்று அப்போதுதான் புரிந்தது. அது இன்னும் கோபத்தைக் கிளப்பியது.

அம்மா கடைசியில் ஒன்றே ஒன்று கேட்டாள். "உனக்கு வளகாப்பு போடறேன்டி. எப்டியாவது போடறேன். பாப்பாவாண்ட மட்டும் சொல்லாத. அன்னிக்கு கரையைத் தாண்டி வந்தது அவ ஒருத்திதான்."

இதில் "எப்டியாவது" என்பதற்கு அர்த்தமே கிடையாது. சித்திக்குத் தெரியாமல் எனக்கு வளைகாப்பு நடக்காது. தெரிந்து நடந்தால், ஆவாது என்று சொன்ன அக்காவே தன் பெண்ணுக்கு மட்டும் எப்படிப் போட்டாள் என்று கேட்பாள். கேட்டால் எல்லாம் வெளியே வரும். எனக்கு வளையல் வேண்டுமென்றால் அம்மாவுக்குத் தங்கை இருக்கமாட்டாள். கணக்கு அவ்வளவுதான். நான் அம்பத்தூருக்கு வண்டி ஏறிவிட்டேன். இரண்டு வாரம் அம்மாவோடு பேசவில்லை.

மூன்றாவது ஞாயிறு, மாமியார் பொறுமையிழந்து, வெற்றிலை பாக்கு பழத்தோடு என்னையும் கூட்டிக்கொண்டு ஆவடிக்குக் கிளம்பிவிட்டார், நாள் குறிக்க. போய்ப் பார்த்தால் சித்தி அங்கே உட்கார்ந்திருக்கிறாள். எனக்கு ஏழு மாதம் என்றதும் மனசு கேட்காமல், எங்கே நான் வளைகாப்புக்கு ஆசைப்பட்டுவிடுவேனோ என்று தடுக்க ஓடிவந்திருக்கிறாள். வந்ததும் வராததுமாக மாமியாரிடம் பெரியம்மா கதையை ஆரம்பித்துவிட்டாள். ஏரிக்கரை, பச்சை வளையல், ஒன்பதாம் நாள், மதகு, எல்லாம் வந்தது. மாமியார் வாயில் கைவைத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

அம்மா காப்பித் தட்டோடு அடுப்படி நிலைப்படியில் நின்றாள். தட்டில் டம்ளர்கள் ஒன்றோடொன்று மோதிச் சத்தம் போட்டன.

மாமியார் என் பக்கம் திரும்பினார். "எனக்கு ஆசைதாம்மா. ஆனா உங்க வீட்டு வழக்கத்தை மீறிச் செய்ய எனக்கென்ன உரிமை? நீயே சொல்லு, என்ன செய்யலாம்?"

நான் அம்மாவைப் பார்த்தேன். இரண்டு வாரத்தில் இளைத்துப் போயிருந்தாள். அவள் மேல் இருந்த கோபம் ஒரு துளி குறையவில்லை. ஆனாலும் அந்த டம்ளர் சத்தத்தை என்னால் கேட்கமுடியவில்லை. போகட்டும், பன்னிரண்டு வளையல்தானே என்று நினைத்தேன்.

"எங்க வீட்ல ஆவாது அத்தை" என்றேன்.

என் குரலில் அம்மா பேசியது போலவே இருந்தது. அதே இழுப்பு, அதே முகத்திருப்பல். வயிற்றின் மேல் வைத்திருந்த கையை நான் எடுத்துக்கொண்டேன். உள்ளே இருப்பது பெண்ணாக இருந்தால், இதைக் கேட்டிருக்கும்.

"ஆவும்."

அம்மாதான். தட்டைத் தரையில் வைத்தாள். காப்பி தளும்பிக் கொட்டியது.

"ஆவும் பாப்பா. நம்ம ஊட்ல ஆவும். நான் வயித்துல இருந்தப்போ அம்மாவுக்கு ஊரே கூடிப் போட்டுச்சாம். எனக்குப் போட யாரும் வர்ல. அத்த மறைக்க நான் பொய் சொன்னேன். அம்மா அப்டி எதுவும் சொல்லல."

சித்தி சிரித்தாள். விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்திருக்க வேண்டும். அப்புறம் அம்மாவின் முகத்தைப் பார்த்தாள், சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது.

"அப்ப பெரியம்மா?"

அம்மா தலையை ஆட்டினாள்.

"அம்மா என்னை மடில வச்சிகினு..."

"இல்லடி."

கத்துவாள் என்று எதிர்பார்த்தேன். கத்தவில்லை. "அம்மா எனக்குன்னு வச்சிட்டுப் போனது இது ஒண்ணுதான்னு நெனச்சிகினு இருந்தேனே க்கா" என்றாள். "அதையும் புடுங்கிக்கினியே" என்றாள். பையை எடுத்துக்கொண்டு, செருப்பை மாட்டக்கூட நிற்காமல் கையில் எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

மாமியார் பெரிய மனுஷி. கொட்டின காப்பியைத் தானே துணி எடுத்துத் துடைத்துவிட்டு, "ஒன்பதாம் மாசம் வச்சுக்கலாம் சம்பந்தி, அதுக்குள்ள எல்லாம் சரியாயிடும்" என்றார்.

சரியாகவில்லை. அம்மா இரண்டு முறை நசரத்பேட்டைக்குப் போனாள். முதல் முறை சித்தி கதவைத் திறக்கவில்லை. இரண்டாம் முறை திறந்து, சோறு போட்டு, ஒரு வார்த்தை பேசாமல் பஸ் ஏற்றிவிட்டாளாம். அதற்குக் கதவைத் திறக்காமலே இருந்திருக்கலாம் என்று அம்மா அழுதாள். நான் எழுதின கடிதத்துக்கும் பதில் இல்லை. நல்லா வேணும் என்று ஒரு மனசு சொன்னது. இன்னொரு மனசு தாங்கவில்லை.

ஒன்பதாம் மாதம், குவார்ட்டர்ஸிலேயே வளைகாப்பு. அம்பத்தூர் போர்ஷனில் பத்துப் பேர் நிற்க இடமில்லை. கோயமுத்தூர் அக்கா முதல் ஆளாக வந்து, "எனக்கு அப்பவே சந்தேகமுங்க" என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தாள். எனக்கு அவளைக் கிள்ளிவைக்கத் தோன்றியது. வேப்பங்கொழுந்துக் காப்பு முதலில் ஏறியது. மாமியார் போட்டார், பிளாக் பெண்கள் போட்டார்கள். அம்மா போடாமல் வாசலைப் பார்த்துக்கொண்டே நின்றாள். "பாப்பா வரட்டும்" என்றாள். நல்ல நேரம் முடியப்போகிறது என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். பதினோரு மணிச் சங்கும் ஊதிவிட்டது.

அப்போதுதான் வந்தாள். வேர்வை வழிய, கையில் ஒரு தூக்குச் சட்டி, அதில் புளிச்சாதம். அம்மாவைத் திரும்பியும் பார்க்கவில்லை. நேராக என்னிடம் வந்து கன்னத்தில் சந்தனம் தடவினாள். என் கையைப் பிடித்து, பதமாக, ஒவ்வொன்றாக வளையல் போட்டுவிட்டாள். என் உள்ளங்கையில் அவள் கண்ணீர் விழுந்தது. எழுந்து போய்விடுவாள் என்று நினைத்தேன். போகவில்லை. என் பக்கத்திலேயே பாயில் உட்கார்ந்து, இரண்டு கையையும் அம்மாவின் முன்னால் நீட்டினாள்.

"இன்னா பாத்துகினு கீற? போடு."

அம்மா சித்தியின் முன்னால் உட்கார்ந்தாள். வளையலை எடுத்தவளைச் சித்தி தடுத்தாள்.

"இரு. நான் வயித்துல இருக்க சொல்ல அம்மாவுக்குப் போட்டாங்களா? பொய் சொல்லாத."

"நாலாவது புள்ளைக்கு யாருடி கூட்டம் சேத்துப் போடுவாங்க? போடல" என்றாள் அம்மா. கொஞ்சம் நிறுத்தி, "ஆனா அம்மா போட்டுகிச்சு" என்றாள். "தெருவுல வளையக்காரன் வந்தான். உன்னை ஏழு மாசம். வாசல்ல அதுவே போய் உக்காந்துச்சு. நான்தான் சோப்புத் தண்ணி எடுத்தாந்து குடுத்தேன். எதுக்கும்மா இப்பன்னு கேட்டேன். மூத்ததுங்க மூணும் வளையல் சத்தம் கேட்டுச்சுங்க, இதுவும் கேக்கட்டுமேன்னு சொல்லிச்சு. வயித்தாண்ட கையை வச்சிகினு ஆட்டிச்சு."

சித்தி மூக்கை உறிஞ்சினாள். "எத்தினி?"

"கைக்கு ஒம்போது."

"இன்னா கலரு?"

"பச்ச."

நாங்கள் யாரும் யாரையும் பார்த்துக்கொள்ளவில்லை.

"அதே மாதிரி போடு" என்றாள் சித்தி.

சித்தியின் கை, பாத்திரம் தேய்த்து, மாட்டுக்குத் தண்ணீர் சுமந்து காய்த்துப்போன கை. விரல் முட்டியைத் தாண்டி வளையல் ஏறவில்லை. மாமியார் எழுந்து போய்ச் சோப்புத் தண்ணீர் கொண்டுவந்தார். ஒரு வளையலும் உடைக்காதவள் என்று பேர் வாங்கிய என் அம்மா அன்றைக்கு மூன்று வளையலை உடைத்தாள். ஒவ்வொரு முறையும் "வலிக்குதா பாப்பா" என்றாள். சித்தி கையை இழுத்துக்கொள்ளவில்லை. பதினெட்டும் ஏறி முடிந்தன.

சித்தி இரண்டு கையையும் காதருகே கொண்டுபோய், கண்ணை மூடிக்கொண்டு, ஒரு தரம் ஆட்டிக் கேட்டாள்.

"இதானா?" என்றாள்.

"இதான்டி" என்றாள் அம்மா.